பன்சி கட்டிய முற்றம்



சினிமாவில் ஒரு பழைய வீடு வருகிறது. காரை பெயர்ந்த சுவர். விளக்குப் புகை படிந்த மாடம். நிஜ வீடு என்று நினைக்கிறோம். பல நேரம் அது வீடே அல்ல. மரச்சட்டம், பலகை, பிளாஸ்டர், பெயிண்டு. பின்னால் போய்ப் பார்த்தால் முட்டுக் கொடுத்து நிறுத்தியிருப்பார்கள். இதற்கு செட் என்று பெயர். தச்சர்களையும் பெயிண்டர்களையும் வைத்து இதைச் செய்பவர் கலை இயக்குநர். படம் தொடங்கும்போது அவர் பெயரும் திரையில் ஓடும். நாம் அப்போது இடம் தேடிக்கொண்டிருப்போம்.

பன்சி சந்திரகுப்தா அப்படி ஒருவர். 1924-இல் சியால்கோட்டில் பிறந்தார். அந்த ஊர் இப்போது பாகிஸ்தானில் இருக்கிறது. வளர்ந்தது காஷ்மீரில். ஓவியத்தில் ஆசை. இளம் வயதில் கல்கத்தாவுக்கு வந்தார். இன்று அந்த ஊருக்குக் கொல்கத்தா என்று பெயர். அங்கே சத்யஜித் ராய் நண்பரானார். பிரான்சு நாட்டு இயக்குநர் ரெனுவார் வங்காளத்துக்கு வந்து 'தி ரிவர்' என்ற படம் எடுத்தார். அது 1951-இல் வெளிவந்தது. அதில் பன்சி கலை உதவியாளர். கூடவே நின்று தொழில் கற்றார்.

ராயின் முதல் படம் 'பதேர் பாஞ்சாலி', 1955. கல்கத்தா அருகே போரால் கிராமத்தில் ஒரு பாழடைந்த வீடு கிடைத்தது. பகல் காட்சிகள் அங்கே. இரவுக் காட்சிகள் ஸ்டுடியோவில். ஊர்ச் சுவரும் ஸ்டுடியோச் சுவரும் ஒன்றாகத் தெரிய வேண்டுமே! ஒரு கறை இடம் மாறினாலும் ஏமாற்று வெளிப்பட்டுவிடும்.

பெரிய சோதனை அடுத்த ஆண்டு வந்தது. படம் 'அபராஜிதோ'. கதை காசியில் நடக்கிறது. கங்கைப் படித்துறைகளைக் காசியிலேயே எடுத்தார்கள். ஆனால் குடும்பம் குடியிருக்கும் வீட்டின் முற்றத்தை ஸ்டுடியோவில் கட்டுவோம் என்றார் பன்சி. மழைக்காலம் நெருங்கிக்கொண்டிருந்தது. திறந்த வெளியில் கட்டினால் நனைந்து போகும்.

ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா ஒத்துக்கொள்ளவில்லை. அவர் சொன்னதிலும் நியாயம் உண்டு. நாலு பக்கமும் உயர்ந்த சுவர் உள்ள முற்றத்தில் வெயில் நேராக விழாது. வானத்து வெளிச்சம் மட்டும் மெதுவாக இறங்கும். நிழல் கூர்மையாக விழாது. ஸ்டுடியோ விளக்கைப் போட்டால் ஒவ்வொருவர் காலடியிலும் நாலைந்து நிழல் விழும். பொய் என்று குழந்தைக்கும் தெரியும்.

பன்சியும் ராயும் விடவில்லை. முற்றம் ஸ்டுடியோவில்தான் எழுந்தது. சுப்ரதாவுக்கு வேறு வழி இல்லை. முற்றத்தின் தலைக்கு மேல் வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து துணியை நோக்கித் திருப்பினார். வெளிச்சம் துணியில் பட்டு, பரவி, கீழே இறங்கியது. வானமே வந்துவிட்டது! பின்னாளில் இந்த முறை எங்கும் பேசப்பட்டது. சண்டையில் பிறந்த முறை இது.

பிறகு 'சாருலதா'வுக்குப் பழங்காலப் பணக்கார வீடு. 'நாயக்' படத்துக்கு ஓடும் ரயில் பெட்டி. இரண்டும் ஸ்டுடியோவில் போட்டவைதான். 1970-களில் பம்பாய்க்குப் போனார். 'சத்ரஞ்ச் கே கிலாடி'க்காக மீண்டும் ராயுடன் சேர்ந்தார். அது 1977-இல் வெளிவந்தது.

1981 ஜூன் மாதம் அமெரிக்கா போயிருந்தபோது இறந்தார். வயது 57. அந்த ஆண்டு 'சக்ரா' வெளிவந்தது. பம்பாய்க் குடிசைவாசிகளின் கதை. அந்தப் படத்தின் கலை இயக்கத்துக்கு 1982-இல் ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது. வாங்குவதற்கு அவர் இல்லை.