போலீஸ் யாருக்கு ஜாகா?

(தோட்டக் கிளைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



லயத்துக்குப் பின்னால் கானுக்கு அப்புறம் மண்வாரி இயந்திரங்கள் வந்து நிற்பதை நாம் எல்லோரும் பார்த்துவிட்டோம். பால் நிறுக்க வருகிற இடத்திலெல்லாம் ஒரே கேள்விதான்: "போலீஸ் வந்தால் நம்மைத்தானே பிடித்துக்கொண்டு போவார்கள்?" இந்தப் பயத்தை வைத்துக்கொண்டு நாம் எதையும் செய்ய முடியாது. ஆகவே முதலில் இதைப் பேசிவிடுவோம்.

போலீசின் வேலை என்னவென்று 1967-ஆம் ஆண்டுப் போலீஸ் சட்டம் மூன்றாம் பிரிவிலேயே சொல்கிறது. சட்டம் ஒழுங்கைக் காப்பது, அமைதியைக் காப்பது, குற்றம் நடவாமல் தடுப்பது, நடந்தால் கண்டுபிடித்துக் குற்றவாளியைப் பிடிப்பது. நிலம் யாருடையது என்று தீர்ப்புச் சொல்லும் வேலை அதில் இல்லை. வீட்டுச் சாமானைத் தூக்கி வெளியே போடும் வேலையும் இல்லை. அது கோர்ட்டு உத்தரவோடு வருகிற பேலிப்பின் வேலை. அவர் கேட்டால் போலீசார் கூட வருவார்கள், கலகம் வராமல் நிற்பார்கள். அவ்வளவே. போலீஸ் கம்பெனிக்கு ஜாகா அல்ல. நமக்கும் ஜாகா அல்ல. இதைச் சொன்னால் சில தோழர்களுக்குக் கசக்கும். ஆனாலும் சொல்லித்தான் ஆகவேண்டும்.

சீபீல்ட் தோட்டத்தை நினைத்துப் பாருங்கள். அந்த ரப்பர்க் காட்டிலேதான் சுபாங் ஜெயா நகரமே எழுந்தது. அங்கேயிருந்த மாரியம்மன் கோயிலை இடம் மாற்றுவதென்று 2014-இல் ஷா ஆலம் உயர்நீதிமன்றத்தில் சம்மதத் தீர்ப்பு பதிவாயிற்று. கோயில் தரப்பில் ஒரு சாரார் அதை ஏற்கவில்லை. 2018 நவம்பர் 26 விடியற்காலை, ஊர் தூங்குகிற நேரத்தில், ஒரு கூட்டம் கோயிலுக்குள் புகுந்தது. கூலிக்கு அமர்த்தப்பட்ட ஆட்கள் என்று அன்றைய உள்துறை அமைச்சர் முகைதீன் யாசின் சொன்னார். அடிதடி நடந்தது, கார்கள் எரிந்தன. போலீஸ் தாமதமாக வந்தது என்று முறையீடு எழுந்தது. போலீஸ் அதை மறுத்தது. மறு இரவு தீயணைக்க வந்த இளைஞர் ஒருவர் படுகாயமடைந்து, டிசம்பர் 17-இல் இறந்துபோனார். அந்தப் பிள்ளைக்கும் இந்த நிலத்துக்கும் என்ன சம்பந்தம்? காப்பாற்ற வந்தவர் அவர்.

தீர்ப்பு கையில் இருந்தாலும் அதை நிறைவேற்றும் வழி கோர்ட்டு வழிதான். கூலி ஆள் வழி அல்ல. வாடகைக் காலம் முடிந்த பின்னும் ஒருவர் குடியிருந்தால், அவரை வெளியேற்றக் கோர்ட்டுக்குத்தான் போகவேண்டும் என்று 1950-ஆம் ஆண்டின் தனிநிவாரணச் சட்டம் 7(2) பிரிவு சொல்கிறது. லயத்தில் இருக்கிற நாம் வாடகைக்காரரா, வேலைக்காகக் குடிவைக்கப்பட்டவரா என்பது வக்கீல்கள் வாதாட வேண்டிய விஷயம். சங்கம் அதைப் பார்த்துக்கொள்ளும்.

நாம் பார்க்க வேண்டியது வேறு. உத்தரவு கொண்டு வந்தால், "காட்டுங்கள்" என்று மரியாதையாகக் கேட்டு, வழக்கு எண்ணையும் தேதியையும் கிராணி ஐயா எழுதிக்கொள்ளட்டும். உத்தரவில்லாமல் ஆட்கள் வந்தால் கை ஓங்காதீர்கள். உடனே ஸ்டேஷனுக்குப் போய் ரிப்போர்ட் செய்யுங்கள். நகலைக் கேட்டு வாங்குங்கள். கைது செய்யத்தக்க குற்றமானால், நான்கு வாரம் கழித்து விசாரணை எந்த நிலையில் இருக்கிறதென்று கேட்கலாம். கேட்ட இரண்டு வாரத்துக்குள் ஸ்டேஷன் பதில் தரவேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 107ஏ பிரிவு அது. நம்மில் பலர் ரிப்போர்ட் எழுதிவிட்டு வீட்டுக்கு வந்து மறந்துவிடுகிறோம். அது நம் குற்றம்தான்.

இன்னொன்று. கெட்ட நோக்கத்தோடு ஐந்து பேர் கூடினாலே சட்டவிரோதக் கூட்டம். அது கம்பெனி ஆட்களுக்கும் பொருந்தும், நம் பையன்களுக்கும் பொருந்தும். கத்தியோ கட்டையோ எவன் கையிலும் இருக்கக்கூடாது. பால்வெட்டுக் கத்தி மரத்தடியோடு நிற்கட்டும்.

ஸ்டேஷன் தலைவருக்குக் கொடுக்கும் மனு தயாராயிருக்கிறது. இயந்திரங்கள் கானைத் தாண்டுவதற்கு முன்பே நம் நிலைமையை அவருக்குத் தெரிவிப்பதுதான் நோக்கம். கூட்டம் முடிந்ததும் வாசலில் மேசை போடுவார்கள். குடும்பத்துக்கு ஒருவர் கையெழுத்திட்டு, வீட்டு நம்பரையும் எழுதிவிட்டுப் போங்கள். நாளை பிரட்டு முடிந்து நால்வர் அதை எடுத்துச் செல்கிறோம்.