எமிலி ஸ்காரட்: ஐந்து உலகக் கோப்பைகளும் ஒரு சம்பளச் சீட்டும்

ரக்பின்னா ஒருத்தர் மேல ஒருத்தர் விழுந்து புரளுகிற ஆட்டம் என்றுதான் நம்மில் பலருக்குத் தெரியும். இன்றைக்கு நான் பேசப்போகிறவர் அந்தக் கூட்டத்தில் மோதியவர்தான். ஆனால் பேர் வாங்கித் தந்தது, தனியா நின்னு பந்தை உதைத்த உதை. இங்கிலாந்தின் எமிலி ஸ்காரட். 119 சர்வதேச ஆட்டங்கள், 754 புள்ளிகள். இங்கிலாந்து பெண்கள் அணியில் இவ்வளவு புள்ளிகள் வேறு யாரும் எடுத்ததில்லை.

அந்த உதையைக் கொஞ்சம் சொல்லிடறேன். எதிரணிக் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் அழுத்தினால் 'டிரை', 5 புள்ளி. அதன்பின் கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் இன்னும் 2. பெனால்டி உதைக்கு 3. சிக்கல் என்னன்னா, மைதான ஓரத்தில் டிரை வைத்திருந்தால் உதையும் அந்த ஓரத்துக்கு நேரே நின்றுதான். அங்கிருந்து பார்த்தால் கம்பங்களின் இடைவெளி ஒருக்களித்த கதவு மாதிரி இருக்கும்.

2014-இல் பாரிஸில் உலகக் கோப்பை இறுதி ஆட்டம். கனடாவை 21-9 என்று வென்றாங்க. அதில் 16 புள்ளி ஸ்காரட்டுடையது: ஒரு டிரை, ஒரு கன்வெர்ஷன், மூன்று பெனால்டி. அப்போ அவருக்குச் சோறு போட்டது ரக்பி இல்லை. பள்ளிக்கூடத்தில் உடற்கல்வி சொல்லிக்கொடுக்கிற வேலை. நம்ம ஊர்ப் பாஷையில் பி.டி. டீச்சர்!

அந்தக் கோப்பைக்குப் பிறகுதான் இங்கிலாந்து ரக்பி சங்கம் 20 பெண்களுக்கு முழுநேர ஒப்பந்தம் கொடுத்தது. அதுவும் ஒலிம்பிக்கை நினைத்து, ஏழு பேர் ஆடும் செவன்ஸுக்காக. 2016 ரியோவில் பிரிட்டன் அணிக்கு இவர்தான் கேப்டன். வெண்கல ஆட்டத்தில் கனடாவிடம் தோல்வி. 2017-இல் இன்னும் கூத்து. உலகக் கோப்பைக்குப் பிறகு பதினைந்து பேர் அணிக்கு ஒப்பந்தம் நீட்டிக்க மாட்டோம் என்று போட்டிக்கு முன்னாடியே சொல்லிட்டாங்க. கோப்பையைக் காக்கப் போகிறவர்களிடம் சொல்ற விஷயமா அது? 2019 ஜனவரியில்தான் 28 பேருக்கு முழுநேரச் சம்பளம் வந்தது. அதே வருஷம் உலகின் சிறந்த வீராங்கனை விருது ஸ்காரட்டுக்கு. இது தற்செயல்னு எனக்குத் தோணல.

தோல்விகளையும் சொல்லணும். 2010, 2017, 2022 என்று மூன்று இறுதி ஆட்டங்கள், மூன்றிலும் நியூசிலாந்திடம். கடைசியாக ஈடன் பார்க்கில் 34-31, வெறும் மூன்று புள்ளி. அதற்குப் பிறகு கழுத்துக் காயம், அறுவை சிகிச்சை. கழுத்தில் கத்தி வைத்த பிறகு டாக்கிள் பண்ண இறங்குவது சின்ன முடிவில்லை. இறங்கினார்.

2025-இல் ஐந்தாவது உலகக் கோப்பை. முதல் ஆட்டத்தில், அமெரிக்காவுக்கு எதிராக, மாற்று வீராங்கனையாக வந்தார். ஐந்து உலகக் கோப்பை ஆடிய முதல் இங்கிலாந்து ஆள், ஆண்களையும் சேர்த்துத்தான் சொல்றேன். 2010 இறுதி ஆட்டம் நடந்தது ஸ்டூப் மைதானத்தில், 13,253 பேர் முன்னால். 2025 இறுதி ஆட்டம் சாலைக்கு அந்தப் பக்கம், பெரிய ட்விக்கன்ஹாமில், 81,885 பேர். கனடாவை 33-13 என்று வென்றார்கள்.

அன்றைக்கு ஆடும் 23 பேரில் ஸ்காரட் இல்லை. அடுத்த மாதம் ஓய்வு அறிவித்தார். வயசு 35. இப்போ லஃப்பரோ அணியில் பயிற்சியாளர்.

அடுத்த எபிசோடில் சந்திப்போம்.