பாடகிக்குப் பின்னால் ஒரு நாற்காலி

இந்தப் புழுக்கத்திலும் கறுப்பு அங்கியைக் கழற்றாமல் உட்கார்ந்திருக்கும் இசைத்துறை மாணவ மாணவியரே!

இன்று பட்டம் வாங்குபவர்களின் பட்டியலைப் பார்த்தேன். வாய்ப்பாட்டு எடுத்தவர்களைவிட வயலின், வீணை, மிருதங்கம் எடுத்தவர்கள்தான் அதிகம். கச்சேரி விளம்பரத்தில் உங்களில் பலருடைய பெயர் இரண்டாவது வரியில், கொஞ்சம் சின்ன எழுத்தில் வரும். அதனால்தான் எகிப்து நாட்டு இசையமைப்பாளர் ஒருவரைப் பற்றிப் பேச வந்தேன். முகம்மது அல்-கஸப்ஜி.

1892-ல் கெய்ரோவில் பிறந்தவர். குடும்பப் பெயருக்கு ஜரிகைக்காரர் என்று பொருள். ஆனால் தந்தை இசைக்காரர். மகன் ஆசிரியர் பயிற்சி முடித்துச் சில காலம் பள்ளியில் பாடம் நடத்தினார். கடைசியில் ஊத் அவரை இழுத்துக்கொண்டது. பேரிக்காயைப் பாதியாகப் பிளந்தது போன்ற குடம், குட்டைக் கழுத்து, இரட்டை இரட்டையாகக் கட்டிய தந்திகள். வீணையில் இருக்கும் மெட்டுகள் இதில் கிடையாது. நம் காதுக்கு இரண்டு ஸ்வரங்களின் நடுவே தொங்குவது போலக் கேட்கும் அரபு ஸ்வரங்களை விரல்தான் தேடிப் பிடிக்க வேண்டும். தந்தியை மீட்டும் நீண்ட துண்டுக்கு ரீஷா என்று பெயர். ரீஷா என்றால் இறகு. முன்பு கழுகின் இறகில் செய்தார்கள்.

1920-களின் தொடக்கத்தில் நைல் நதிக் கழிமுகத்துக் கிராமம் ஒன்றிலிருந்து உம் குல்தூம் என்ற இளம்பெண் கெய்ரோவுக்குக் குடிவந்தார். தந்தையோடும் அண்ணனோடும் சேர்ந்து, வாத்தியம் எதுவும் இல்லாமல், பக்திப் பாடல்கள் பாடிக்கொண்டிருந்தவர். 1926-ல் தேர்ந்த வாத்தியக்காரர்கள் அவருக்குப் பின்னால் உட்கார்ந்தார்கள். வயலினில் சாமி அல்-ஷவ்வா, கானூன் என்ற தந்தி வாத்தியத்தில் முகம்மது அல்-அக்காத், ஊதில் கஸப்ஜி. அந்தக் குழுவுக்கு அரபியில் தக்த் என்று பெயர்.

1928-ல் கஸப்ஜி உம் குல்தூமுக்காக ஒரு பாட்டுக்கு இசையமைத்தார். கவிஞர் அஹ்மத் ராமி எழுதிய 'இன் குந்த் அசாமிஹ்'. அதில் கஸப்ஜி செய்ததை உங்களுக்கு எளிதாகச் சொல்லிவிடலாம். கீர்த்தனையில் சரணம் முடிந்ததும் பல்லவிக்குத் திரும்புகிறோம் அல்லவா? அக்காலத்து எகிப்தின் எளிய பாட்டுகளிலும் அப்படி ஒரு வரி திரும்பத் திரும்ப வரும். இந்தப் பாட்டு திரும்பவே இல்லை. மனசுக்குள் பேசிக்கொள்பவள் எப்படிச் சொன்னதையே சொல்லாமல் அடுத்ததற்குப் போவாளோ, அப்படியே மெட்டும் போய்க்கொண்டிருந்தது. மோனோலோக் என்று அந்த வடிவத்துக்குப் பெயர். அதை முதலில் கண்டவர் இவர் அல்லர். ஆனால் அதற்கு ஒரு முழு உடம்பைக் கொடுத்தவர் இவர் என்பது என் எண்ணம்.

பிறகு பேசும் படம் வந்தது. 1936-ல் உம் குல்தூமின் முதல் படம் 'விதாத்'. அதிலிருந்து தொடங்கி அவருடைய படங்களில் கஸப்ஜியின் மெட்டுகள் இருந்தன. 1942-ல் 'ஆயிதா'வில் மேல்நாட்டு ஆபெரா போல ஒரு நீண்ட பகுதியை அரபியில் கட்டிப் பார்த்தார்கள். படம் ஓடவில்லை. கஸப்ஜி மற்றவர்களுக்கும் இசையமைத்தார். அஸ்மஹான் என்ற பாடகிக்காக அவர் போட்ட 'யா துயூர்' பாட்டை நான் மூன்றாவது முறை கேட்டபோதுதான் புரிந்துகொண்டேன். பறவைகளை விளித்துப் பாடும் பாட்டு அது. ஓரிடத்தில் சொல் நின்றுபோய், குரல் மட்டும் பறவையாகி மேலே மேலே ஏறும். ஆபெரா பாடகி ஏறும் ஏற்றம். ஆனால் ஏறிய இடத்தில் நிற்பது அரபு இசைதான். அஸ்மஹான் 1944-ல், ஒரு படத்தில் நடித்துக்கொண்டிருந்தபோதே, கார் கால்வாயில் விழுந்து இறந்துபோனார். 1946-ல் லைலா முராத் பாடிய 'கல்பி தலீலி'யும் கஸப்ஜியின் மெட்டுதான்.

'ரக் அல்-ஹபீப்' என்று 1940-களில் ஒரு பாட்டு. நஹாவந்த் என்ற மகாமில், அதாவது அரபு ராகத்தில், அமைந்தது; நம் கீரவாணிக்குப் பக்கத்து வீடு. மேடையில் உம் குல்தூம் பாடிய கஸப்ஜியின் பெரிய பாட்டுகளில் அதுதான் கடைசி. 1947-ல் 'ஃபாத்மா' படத்தில் ஒரு சிறு பாட்டு. அத்தோடு சரி. பாடகியின் ரசனை வேறு பக்கம் போய்விட்டது. ஸகரிய்யா அஹ்மதின் மண்வாசனைப் பாட்டுகள், ரியாத் அல்-சுன்பாத்தியின் கனத்த செய்யுள் பாட்டுகள் பக்கம். கஸப்ஜி மெட்டுப் போட்டுக் கொண்டுவந்தார். உம் குல்தூம் ஏற்கவில்லை.

அதன் பிறகும் ஏறக்குறைய இருபது ஆண்டுகள் அந்த மனிதர் அதே மேடையில், அதே பாடகிக்குப் பின்னால் உட்கார்ந்து ஊத் வாசித்தார். மாதத்தின் முதல் வியாழக்கிழமை இரவு, அரபு உலகமே வானொலி முன் உட்கார்ந்திருக்க, கண்ணாடி போட்ட முதியவராகத் தலையைக் கொஞ்சம் குனிந்து, இன்னொருவர் போட்ட மெட்டை வாசித்தார். 1960-ல் உம் குல்தூம் இசையமைப்பாளர் பலீக் ஹம்தியின் பாட்டை எடுத்துக்கொண்டபோது ஹம்திக்கு வயது இருபத்தொன்பது. அந்த இளைஞர் பிறப்பதற்கு முன்பே பாட்டில் புரட்சி செய்தவர் பின்வரிசையில் இருந்தார்.

பிள்ளைகளே, இதைத் தியாகம் என்று நான் புகழ மாட்டேன். அவர் போட்டு, பாடப்படாமல் போன மெட்டுகளை நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது. அது நஷ்டம், நமக்கும்தான். ஆனால் தன் பாட்டு வேண்டாம் என்று சொல்லப்பட்ட இரவுகளிலும் அந்த ஊதைச் சுருதி சேர்த்துக்கொண்டு அவர் வந்தாரே, அந்த மனசை நான் எங்கே வைப்பது என்று தெரியாமல் இத்தனை வருஷமாகத் தூக்கிக்கொண்டு திரிகிறேன். இன்று உங்களிடமும் கொஞ்சம் கொடுக்கிறேன்.

1966-ல் அவர் காலமானார். அதன் பிறகு அவருடைய நாற்காலியில் வேறு யாரையும் உட்காரவிடாமல் உம் குல்தூம் காலியாகவே வைத்திருந்தார் என்று கெய்ரோவில் சொல்வார்கள்.

இன்று இரவு வீட்டுக்குப் போய், மாலையைக் கழற்றி வைத்துவிட்டு, 'ரக் அல்-ஹபீப்' போட்டுக் கேளுங்கள். முதல் தடவை குரலைக் கேளுங்கள், அதை யாரும் விட்டுவிட முடியாது. இரண்டாம் தடவை குரலை விட்டுவிடுங்கள். அதற்குப் பின்னால், கொஞ்சம் கீழே, ஊத் இருக்கும்.