வால் நட்சத்திரமும் விஞ்ஞானி ஹெர்ஸ்பர்க்கும்

இன்று நாம் கெர்ஹார்டு ஹெர்ஸ்பர்க் என்கின்ற ஒரு விஞ்ஞானியைப் பற்றிச் சில வார்த்தைகள் சொல்ல ஆசைப்படுகிறோம். அவர் அற்புதம் எதுவும் செய்தவரல்ல, அவதாரமும் அல்ல. ஆனால் மனிதன் கால் வைக்க முடியாத இடத்தில் என்ன வஸ்து இருக்கிறது என்பதை, ஞானதிருஷ்டி என்ற புரட்டு இல்லாமல், வெளிச்சத்தை மாத்திரம் வைத்துக்கொண்டு சொன்னவர். அப்பேர்ப்பட்டவரை அவருடைய தேசம் என்ன செய்தது என்பதும் நமக்குத் தெரியவேண்டிய சங்கதி.

அவர் 1904-ல் ஜெர்மனியில் ஹாம்பர்க் நகரில் பிறந்தார். சிறு பிள்ளையாயிருக்கும்போதே தகப்பனார் இறந்துவிட்டார். பையனுக்கு வானசாஸ்திரம் படிக்கவேண்டுமென்று ஆசை. அவ்வூர் நட்சத்திர ஆராய்ச்சி நிலையத்தாரைக் கேட்டதற்கு, சொந்தப் பணம் இல்லாதவன் இந்தத் தொழிலை நினைக்கவேண்டாம் என்று பதில் வந்தது. படிப்பும் பணக்காரன் சொத்து என்பது நம் நாட்டில் மாத்திரம் உள்ள வழக்கம் என்று நினைத்துவிடாதீர்கள். (அந்தப் பையனுடைய பெயரைத்தான் 1975-ல் கனடா தேசத்தின் வான ஆராய்ச்சி ஸ்தாபனத்துக்கு வைத்தார்கள்.) பிறகு டார்ம்ஸ்டாட் தொழிற் கல்லூரியில் சேர்ந்து, பௌதிகம் படித்து, 1928-ல் டாக்டர் பட்டம் பெற்றார்.

அவர் எடுத்துக்கொண்ட வேலை என்னவென்றால், மூலக்கூறுகளின் நிறமாலையைப் படிப்பது. நீலமாக எரியும் ஸ்டவ் அடுப்பில் உப்புத் தண்ணீர் தெறித்தால் சுடர் மஞ்சளாகிவிடுவதைப் பார்த்திருப்பீர்கள். அந்த மஞ்சள் உப்பிலுள்ள சோடியத்தின் அடையாளம். அந்த வெளிச்சத்தைப் பட்டைக் கண்ணாடியில் விட்டுப் பிரித்தால் குறிப்பிட்ட இடத்தில் கோடு விழும். வேறு வஸ்துவுக்கு அதே இடத்தில் விழாது. தனி அணுவுக்குக் கோடுகள் குறைவு. அணுக்கள் கூடிய மூலக்கூறோ சுழலவும் அதிரவும் செய்வதால் கோடுகள் நூற்றுக்கணக்கில் நெருங்கி நிற்கும். அந்த இடைவெளிகளை அளந்து, அணுவுக்கும் அணுவுக்கும் எவ்வளவு தூரம் என்றுகூடக் கணக்குப் போட்டுவிடலாம்.

நம் திருச்சியில் பிறந்த ராமன் 1928-ல் கல்கத்தாவில் கண்ட ஒளிச் சிதறல் முறையில், நைட்ரஜனை அளந்தவர் ராசெட்டி என்னும் இத்தாலியர். அந்த அளவுகளை எடுத்துவைத்துக்கொண்டு ஹெர்ஸ்பர்க்கும் ஹைட்லர் என்ற வாலிபரும் (சர்வாதிகாரி ஹிட்லர் அல்ல, தோழர்களே!), அணுக்கருவைப் பற்றி அன்று பெரியவர்கள் சொல்லிவந்த கணக்கு பொருந்தவில்லை என்று 1929-ல் எழுதினார்கள். அதற்கு விடையாக 1932-ல் நியூட்ரான் கண்டுபிடிக்கப்பட்டது.

1933-ல் நாஜிகள் அதிகாரத்துக்கு வந்தார்கள். ஹெர்ஸ்பர்க் யூதரல்ல. ஆனால் 1929-ல் அவர் மணந்துகொண்ட லூயிஸே அம்மையார் யூத வகுப்பில் பிறந்தவர். அவரும் பௌதிகம் படித்தவர், புருஷனோடு கூட ஆராய்ச்சி செய்தவர். குற்றம் அவ்வளவுதான். கல்லூரியில் சொல்லிக்கொடுக்கக் கூடாது என்றாயிற்று. சாதி விட்டு மணந்தவனை ஊரைவிட்டுத் தள்ளிவைப்பதை நேரில் கண்டிருக்கிற நமக்கு இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை. அங்கே பஞ்சாயத்துக்குப் பதில் சர்க்காரே அதைச் செய்தது.

டார்ம்ஸ்டாட்டில் அவரோடு வேலை செய்துபோன ஸ்பிங்க்ஸ் என்ற ரசாயன ஆசிரியர் முயற்சியாலும், கார்னெகி ஸ்தாபனத்தின் பண உதவியாலும், 1935-ல் கனடாவில் சஸ்கட்டூன் என்ற ஊருக்குப் போய்ச் சேர்ந்தார்கள். கொண்டுபோக அனுமதித்த பணம் மிகச் சொற்பம். அது கோதுமைச் சீமை. பெரிய ஆராய்ச்சிசாலை கிடையாது. அங்கிருந்துதான் 1941-ல், நட்சத்திரங்களுக்கு நடுவேயுள்ள வெட்டவெளியில் கரியும் ஹைடிரஜனும் சேர்ந்த, மின்சாரம் ஏறிய மூலக்கூறு இருப்பதை டக்ளஸ் என்ற மாணவரோடு சேர்ந்து கண்டார். பின்பு 1952-ல் யுரேனஸ் கிரகத்தில் ஹைடிரஜன் இருப்பதையும் கோடுகளைக் கொண்டே காட்டினார்.

வால் நட்சத்திரக் கதையைக் கேளுங்கள். அது தோன்றினால் அரசனுக்கு ஆகாது, பஞ்சம் வரும் என்று பயமுறுத்தி ஜீவித்தவர்கள் எத்தனை பேர்! அதன் வெளிச்சத்தில் ஊதா நிறத்தில் ஒரு கோட்டுக்கூட்டம் உண்டு. அது எந்த வஸ்துவினுடையது என்று ஒருவருக்கும் தெரியவில்லை. 1942-ல் ஹெர்ஸ்பர்க் அதே கோடுகளைத் தமது ஆராய்ச்சிசாலையில் உண்டாக்கிக் காட்டி, ஒரு கரியணுவும் இரண்டு ஹைடிரஜன் அணுக்களும் சேர்ந்த மூலக்கூறு என்றார். அது பிசகு. 1951-ல் அதே டக்ளஸ், ஹெர்ஸ்பர்க்கின் கீழ் ஒட்டாவாவில் வேலை செய்யும்போதே, கனத்த கரியணுவைப் போட்டுச் சோதித்து, அது மூன்று கரியணுக்கள் மாத்திரம் சேர்ந்தது என்று ருஜுப்படுத்தினார். குருவைத் திருத்துவது பாவம் என்று அங்கே ஒருவரும் சொல்லவில்லை. ஹெர்ஸ்பர்க்கோ தாம் தேடிய அந்த மூலக்கூறை விடவில்லை. பிறந்த கணமே மறைந்துவிடும் ஜாதி அது. ஒரு மின்னல் வெளிச்சத்தால் அதை உண்டாக்கி, மறு மின்னலில் படம் பிடித்து, 1959-ல் அதன் உண்மையான கோடுகளைக் கண்டார். தேடத் தொடங்கிப் பதினேழு வருஷம் ஆகியிருந்தது.

முக்கியமாக இந்த மாதிரி அற்பாயுசு மூலக்கூறுகளைப் பற்றிய வேலைக்காகவே, பௌதிகக்காரரான அவருக்கு 1971-ல் ரசாயனத்துக்கான நோபல் பரிசு கொடுத்தார்கள். அதற்குப் பிறகும் ஆராய்ச்சியை நிறுத்தாமல் இருந்து, 1999-ல் ஒட்டாவாவில் இறந்தார். எந்த அம்மையாரை மணந்ததற்காக நாடு விட்டு ஓட நேர்ந்ததோ, அந்த லூயிஸே அம்மையார் பரிசுச் செய்தி வருவதற்குச் சில மாதம் முன்பே, அதே 1971-ல் காலமாகிவிட்டார்.