திருச்சிச் சிறையில் தமிழ் பயின்ற ஆசிரியர்

(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



நாம் குடியேறி வாழும் இம்மராட்டிய மண்ணில் தோன்றிய ஆசிரியர் ஒருவரைப் பற்றிச் சில கூற விழைகின்றேன். பாண்டுரங்க சதாசிவ சானே என்பது அவர் பெயர். சானே குருஜி என்றால்தான் மக்கள் அறிவர். 1899ஆம் ஆண்டு டிசம்பர் 24ஆம் நாள் கொங்கணத்துப் பால்கட் என்னும் சிற்றூரில் பிறந்தார். அமள்நேர் உயர்நிலைப் பள்ளியில் ஆறாண்டுகள் ஆசிரியராக இருந்தார். மாணவர் விடுதியையும் கவனித்துக்கொண்டார். 1930இல் சட்டமறுப்பு இயக்கம் எழுந்ததும் வேலையைத் துறந்து சிறை புகுந்தார்.

பாடம் சொல்வதை மட்டும் அவர் விடவில்லை. கோகலே, ஈசுவர சந்திர வித்தியாசாகர், தேசபந்து தாஸ் ஆகியோரின் வரலாறுகளை எளிய மராத்தியில் எழுதினார். கைம்பெண் மறுமணத்திற்காக வாதாடி, 1856இல் அதற்குச் சட்டம் பிறக்கக் காரணமாயிருந்த வங்கத்துப் பெரியார் வித்தியாசாகர். அவரைக் கொங்கணத்துச் சிறுவனும் தன் வீட்டுத் திண்ணையிலிருந்தே அறிந்துகொண்டான்.

ஆயினும் அவர் படைத்த இளவீரருள் தலையாயவன் ஷ்யாம் என்னும் சிறுவன். 1933 பிப்ரவரியில், நாசிக் சிறையில், ஐந்தே நாட்களில் எழுதிய 'ஷ்யாமின் தாய்' என்னும் நூலின் நாயகன் அவன். வாளும் வேலும் அவன் அறியான். தீண்டத்தகாதவள் என்று ஊரார் ஒதுக்கிய கிழவி ஒருத்தி விறகுச் சுமையைத் தூக்க இயலாது தவிக்கிறாள். அன்னை மகனை அனுப்பிச் சுமையைத் தூக்கிவிடச் செய்கிறாள். அவ்வளவுதான் கதை. ஆனால் அதை எழுதியவரே, 1947 மே மாதத்தில், பண்டரிபுரத்து விட்டலன் கோயிலை அரிசனங்களுக்குத் திறக்க வேண்டுமென்று உண்ணா நோன்பு இருந்தார், கதவும் திறந்தது. நந்தனாரை அறிந்த நமக்கு, அக்கோயிலுக்கு வெளியே நின்றுவிட்ட சோகாமேளரின் கதையை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

இனி நம்மைத் தொடும் செய்திக்கு வருகிறேன். வெள்ளையர் அரசு அவரைத் திருச்சிச் சிறையிலும் அடைத்தது. அங்கே அவர் தமிழ் பயின்றார், வங்காளியும் பயின்றார். திருக்குறளை மராத்தியில் மொழிபெயர்த்தார். ஒரு மாநிலத்தார் மற்றொரு மாநிலத்தாரின் மொழியைக் கற்கவேண்டும் என்னும் 'அந்தர் பாரதி' எண்ணம் அவருள் உரம் பெற்றது. கைதியாக வந்தவர் செய்த காரியம் அது.

நான் இந்நகருக்கு வந்து இருபத்தெட்டு ஆண்டுகள் ஆகின்றன. காய்கறிக்காரியிடம் விலை பேசுவேன். பேருந்துப் பலகையைப் படிப்பேன். ஒரு மராத்தி நூலைக்கூட முழுதும் படித்தேனில்லை. சென்ற ஆண்டு என் பேத்தி மராத்திப் பாடத்தில் குறைந்த மதிப்பெண் பெற்று வந்தாள். "போகட்டும் அம்மா, அந்த மொழி உனக்கு எதற்கு?" என்று தேற்றினேன். அவளோ, "சானே குருஜி திருச்சி ஜெயிலில் தமிழ் படித்தாராமே தாத்தா, டீச்சர் சொன்னார். அவருக்கு அது எதற்கு?" என்று கேட்டாள். எனக்கு விடை வரவில்லை. காப்பி ஆறிப்போனதுதான் மிச்சம்.

செயலாளர் அவர்களிடம் இசைவு பெற்றுவிட்டேன். வரும் ஞாயிறு மாலை ஐந்து மணிக்கு நம் சங்க நூலகத்தில் 'ஷ்யாமின் தாய்' நூலை மராத்தியிலேயே படிக்கத் தொடங்குகிறோம். என் பேத்தி உரக்கப் படிப்பாள். தடுமாறும் இடங்களில் கைகொடுக்க அண்டை வீட்டு மராத்தி அம்மையார் வர இசைந்திருக்கிறார். எழுத்துக் கூட்டிப் படிக்கும் என் போன்றோருக்கு முன்வரிசையில் இடம் உண்டு.