அந்த முகத்தைப் பார்த்து ஏன் சிரித்தோம்?

ஆம்பூர்ப் பெரியோர்களே, ஷிப்ட் முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் நேராக இங்கே வந்து உட்கார்ந்திருக்கும் ஷூ கம்பெனித் தோழர்களே!

இலக்கியக் கூட்டத்தில் சினிமா காமெடியனுக்கு என்ன வேலை என்று முன்வரிசைப் பெரியவர் ஒருவர் பக்கத்தில் இருப்பவரிடம் கேட்பது என் காதில் விழுகிறது. ஐயா, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். நம்ம ஊர்க்காரரைப் பற்றித்தான் பேசப்போகிறேன். யோகி பாபு ஆரணிப் பக்கத்துப் பிள்ளை. இன்றைக்கு அவர் திருவண்ணாமலை மாவட்டம், நாம் திருப்பத்தூர் மாவட்டம். 1989 வரைக்கும் எல்லோரும் ஒரே வட ஆற்காடு! அப்பா ராணுவத்தில் ஹவில்தார். ஊர் ஊராகப் பட்டாளத்துக்கு ஆள் அனுப்பிய வேலூர்ச் சீமையில் இதற்கு மேல் என்ன விளக்கம் வேண்டும்?

விஜய் டிவியில் 'லொள்ளு சபா' ஓடிய காலம். நண்பரோடு சும்மா படப்பிடிப்புக்குப் போனவர் இயக்குநர் ராம்பாலா கண்ணில் படுகிறார். அந்தத் தோற்றம் அவருக்குப் பிடித்துப்போகிறது. நடிக்க வருகிறாயா என்கிறார். சின்னச் சின்ன வேடங்கள், கூடவே ஸ்கிரிப்ட் எழுத ஒத்தாசை. 2009ல் அமீர் நடித்த 'யோகி'யில் தலைகாட்டினார். வெறும் பாபு அந்தப் படத்துக்குப் பிறகுதான் யோகி பாபு.

வேலை வாங்கிக் கொடுத்த அதே தோற்றம்தான் அவரை வருஷக்கணக்கில் படுத்தியும் எடுத்தது. 2014ல் 'யாமிருக்க பயமே' வந்தது. அதில் அவருக்கு வைத்த பேர் பன்னிமூஞ்சி வாயன். தியேட்டரே அதிர்ந்தது. அதற்கப்புறம் எத்தனை படங்களில் அவருடைய முடியையும் தொப்பையையும் நிறத்தையும் சொல்லியே ஓட்டினார்கள்! வசனம் எழுதுகிறவனுக்கு இதைவிடச் சோம்பேறித்தனமான வழி கிடையாது. நாகேஷுக்கும் அம்மைத் தழும்பு முகம்தானே? 'திருவிளையாடல்' தருமியைப் பார்த்து நாம் சிரித்தது தழும்புக்காகவா? ஆசையும் பயமும் அந்த ஒல்லி உடம்பை ஆட்டிவைத்த ஆட்டத்துக்காக.

யோகி பாபு அப்படி ஆட மாட்டார். குரலை ஏற்றமாட்டார். எதிராளி பேசி முடிக்கிற இடம் பார்த்து ஒரு வார்த்தையைச் சொருகிவிட்டு, ஒன்றுமே நடக்காத மாதிரி நிற்பார். 2018ல் 'கோலமாவு கோகிலா'வில் நயன்தாராவுக்குப் பின்னால் சுற்றும் கடைக்காரர். அதே வருஷம் 'பரியேறும் பெருமாள்' படத்தில் சட்டக் கல்லூரித் தோழன் ஆனந்த். கதாநாயகனாக நடித்த 'கூர்கா', 'தர்மபிரபு' இரண்டையும் அவர் மேல் உள்ள பிரியத்தால் விட்டுவிடுகிறேன்.

அடுத்து வருகிறது மடோன் அஸ்வினின் 'மண்டேலா'. ஊரில் முடிவெட்டுகிறவர். மரத்தடிதான் வீடு. அவருக்குப் பெயரே இல்லை. இளிச்சவாயன் என்றுதான் ஊர் கூப்பிடும். சிறுகச் சிறுகச் சேர்த்த காசு திருட்டுப்போக, தபால் ஆபீஸில் கணக்குத் தொடங்கப் போகிறார். அடையாள அட்டை கேட்கிறார்கள். ஏது? அங்கே வேலை செய்யும் தேன்மொழி அவருக்கு ஒரு பெயர் பார்த்து வைக்கிறாள்: நெல்சன் மண்டேலா. வாக்காளர் அட்டையும் வருகிறது. உள்ளாட்சித் தேர்தலில் இரண்டு பக்கமும் சரிசமமாக நிற்க, அந்த ஒற்றை ஓட்டுக்காக மொத்த ஊரும் இளிச்சவாயன் பின்னால் அலைகிறது. அதே முகம், அதே முடி. ஆனால் அந்தப் பட்டப்பெயர் காதில் விழும்போது இப்போது நமக்குச் சிரிப்பு வரவில்லை, கூசுகிறது. தோலைத் தொட்டுப் பிழைக்கிறவனை ஊர் என்ன சொல்லிக் கூப்பிடும் என்று தெரிந்த ஆம்பூருக்கு அந்தக் கூச்சம் புதிதல்ல.

2021 ஏப்ரல் 4ஆம் தேதி, சட்டமன்றத் தேர்தலுக்கு இரண்டே நாள் முன்பு, படம் தியேட்டருக்கு வராமல் நேராக டிவிக்கு வந்தது. எந்த டிவி? அவர் சின்ன வேடம் கட்டிய அதே விஜய் டிவி! அறிமுக இயக்குநருக்கும் வசனத்துக்கும் தேசிய விருது கிடைத்தது. நடித்தவருக்குக் கிடைக்கவில்லை. அது நியாயமில்லை என்பது என் கட்சி.

இங்கே பள்ளி ஆண்டுவிழாவுக்கு நாடகம் எழுதும் ஆசிரியர்கள் சிலர் வந்திருக்கிறீர்கள். உங்களிடம் ஒரே ஒரு விண்ணப்பம். வகுப்பில் குண்டாக, கறுப்பாக இருக்கும் பையனுக்குக் கோமாளி வேஷம் கொடுக்க வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். தாராளமாகக் கொடுங்கள். அவனுக்கு நல்ல வசனமாக எழுதிக் கொடுங்கள்.