புதுமீன் கண்ட கருவூலப் பணியாளர்

(சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



ஆண்டுதோறும் இம்மேடையில் இலக்கியம் பேசுவோரே மிகுதி. இவ்வாண்டு, அலுவலகக் கோப்புகளோடு காலங் கழிக்கும் என்னை அழைத்து, வானியல் பற்றிச் சில சொற்கள் சொல்லுமாறு செயலாளர் பணித்துள்ளார். யான் அத்துறையிற் கற்றவன் அல்லேன். மாலையில் மொட்டை மாடியில் நின்று மீன்களை இனங்கண்டு மகிழும் பழக்கமுடையவன்; அவ்வளவே. ஆயினும், நாம் வந்து குடியேறிய இவ்வங்க மண்ணுக்கும் நாம் பிறந்த தமிழ் மண்ணுக்கும் வானத்தின் வழியே ஓர் உறவு உண்டு. அதனைச் சொல்லும் வாய்ப்பை இழக்க மனம் ஒப்பவில்லை.

1918-ஆம் ஆண்டு ஜூன் 7-ஆம் நாள் இரவு. உலகப் பெரும்போர் முடியாத காலம். ஜெசூர் என்னும் ஊரில் ஒருவர் வானத்தை நோக்கிக்கொண்டிருந்தார். அவ்வூர் அந்நாளில் ஒன்றுபட்ட வங்காளத்தில் இருந்தது. இந்நாளில் வங்கதேசத்தில் உள்ளது. அவர் பெயர் இராதா கோவிந்த சந்திரர். மாவட்டக் கருவூலத்தில் நாணயங்களைச் சோதித்து எண்ணும் சிறு பணியே அவருக்குப் பிழைப்பு. பள்ளியிறுதியான நுழைவுத் தேர்வில் மும்முறை தோற்றவர். 1910-இல் ஹாலி வால்மீன் வந்தபோது அதனை ஆர்வத்தோடு கண்டு எழுதி வைத்தார். 1912-இல் மூன்றங்குலத் தொலைநோக்கி ஒன்றை இங்கிலாந்திலிருந்து வரவழைத்தார். பகலில் காசு எண்ணிய கை, இரவில் மீன் எண்ணியது.

அன்றிரவு, நாம் திருவோணம் என்று வழங்கும் மீன் அமைந்த கழுகு மண்டலத்தில், இருக்கக் கூடாத ஓரிடத்தில் ஒரு மீன் இருக்கக் கண்டார். நேற்றுவரை அங்கே கண்ணுக்குப் புலப்படும் மீன் எதுவும் இல்லை என்பது அவருக்கு நன்கு தெரியும். அஃதொரு நோவா, அதாவது புதுமீன்.

அதனைக் கண்டவர் அவர் ஒருவர் மட்டும் அல்லர். ஜெனிவாவில் லாஸ்கோவ்ஸ்கி என்னும் மருத்துவப் பேராசிரியர் கண்டார். இங்கிலாந்தில் கிரேஸ் குக் என்னும் அம்மையார் கண்டார். ஜூன் 8-ஆம் நாள் அமெரிக்காவில் முழுச் சூரிய கிரகணம் நிகழ்ந்தது. பகலில் கிரகணம் பார்க்கத் திரண்ட வானியலாருக்கு அன்றிரவே இவ்விருந்தும் கிட்டியது. மறுநாள் அம்மீன் உச்சத்தை அடைந்தது. சிரியஸ், கனோபஸ் என்னும் இரண்டு மீன்களைத் தவிர வானத்து மீன்கள் அனைத்தையும் அது ஒளியில் விஞ்சி நின்றது. 1604-இல் கெப்ளர் ஆராய்ந்த பெருவெடிப்புக்குப் பின்னர் மாந்தர் கண்ட புதுமீன்களுள் இதுவே மிக ஒளி வாய்ந்தது என்பர்.

இனி, புதுமீன் என்னும் பெயர் பொருந்துமா என்று பார்ப்போம். ஹார்வர்டு வானாய்வகத்தில் வானத்தைப் பல ஆண்டுகளாகப் படம் பிடித்த கண்ணாடித் தகடுகள் சேமித்து வைக்கப்பட்டிருந்தன. அவற்றைப் புரட்டியபோது, 1888-ஆம் ஆண்டுத் தகட்டிலேயே அதே இடத்தில் மிக மங்கலான ஒரு மீன் பதிவாகியிருக்கக் கண்டனர். முப்பது ஆண்டுகளாகத் தொலைநோக்கிக்கு மட்டுமே தெரிந்த அம்மீன்தான் ஓரிரு நாளில் பல்லாயிரம் மடங்கு பொலிந்தது. ஆகவே அது புதிதாகப் பிறந்த மீனன்று. நெடுநாளாக இருந்த பழைய மீனே.

அங்ஙனமாயின் அது பொங்கியது எதனால்? இவ்வினாவுக்கு விடை காணப் பல ஆண்டுகள் ஆயின. சில திங்களில் அம்மீனைச் சுற்றி ஓர் ஒளிவட்டம் தோன்றி வளர்ந்தது. மீனிலிருந்து வீசப்பட்ட வாயு, நொடிக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கும் மேற்பட்ட விரைவோடு விரிந்து செல்வதை நிறமாலை காட்டியது. 1934-இல் இங்கிலாந்தில் பிரெண்டிஸ் என்பார் ஹெர்குலிஸ் மண்டலத்தில் மற்றொரு புதுமீனைக் கண்டார். அதனை 1954-இல் வாக்கர் என்னும் அமெரிக்க அறிஞர் கூர்ந்து நோக்கி, அஃது ஒரு மீனன்று, ஒன்றையொன்று நாலரை மணி நேரத்துக்குச் சற்று மேற்பட்ட பொழுதில் சுற்றிவரும் இரட்டை மீன் என்று நிறுவினார். 1964-இல் கிராஃப்ட் என்பார் பழைய புதுமீன்கள் பலவற்றை ஆராய்ந்து, அவற்றுள்ளும் இரட்டைகள் இருக்கக் கண்டார். நம் கழுகு மண்டலப் புதுமீனும் அவற்றுள் ஒன்று. அவ்விரண்டும் மூன்றேகால் மணி நேரத்துக்குச் சற்று மேலாக ஒருமுறை சுற்றி முடிக்கின்றன.

இரண்டனுள் ஒன்று வெண்குள்ளன். தன் எரிபொருளைத் தீர்த்துவிட்டுச் சுருங்கிய முதிய மீன் அது. சூரியனை ஒத்த எடையைப் பூமியளவான உடலுக்குள் அடக்கி நிற்பது. மற்றொன்று அதன் துணைமீன். துணைமீனின் புறத்திலுள்ள ஹைட்ரஜன் வாயு, வெண்குள்ளனின் ஈர்ப்பால் இழுக்கப்பட்டுச் சிறிது சிறிதாக அதன்மேற் படிகிறது. ஆயிரக்கணக்கான ஆண்டுகள் இப்படிவு நிகழ்கிறது. அடியில் உள்ள படலம் நசுங்கிச் சூடேறுகிறது. இயல்பான வாயு சூடேறினால் விரிந்து தணியும். இங்கோ அளவிறந்த நெருக்கத்தால் அவ்வாறு விரிய இயலுவதில்லை. வெப்பம் வெப்பத்தை வளர்க்கிறது. இறுதியில் ஹைட்ரஜன் அணுக்கரு இணைவு கட்டுக்கடங்காது மூண்டு, மேற்படலம் முழுவதும் விண்ணில் வீசப்படுகிறது.

தாய்மார்கள் பொங்கலன்று பால் பானையைப் பார்த்திருப்பீர்கள். நெடுநேரம் யாதொரு சலனமுமின்றி இருக்கும். சற்றே கண்ணை அப்பால் திருப்பினால் பொங்கி வழியும். பொங்குவது நொடிப்பொழுதில், காய்வதோ நெடும்பொழுது. புதுமீனும் அத்தகையதே. பால் வழிந்த பின்னும் பானை நிற்பதுபோல் வெண்குள்ளனும் அழியாது நிற்கிறது. மீன் முழுவதும் சிதறும் சூப்பர்நோவாவினின்றும் இது வேறுபடுவது இவ்விடத்தேதான். மீண்டும் வாயு படியத் தொடங்குகிறது. பல்லாயிரம் ஆண்டு கழித்து மீண்டும் பொங்கும். சில மீன்கள் மட்டும் விரைந்து பொங்கும். வடமகுட மண்டலத்தில் உள்ள ஒரு மீன் 1866-இலும் 1946-இலும் பொங்கியது.

இன்னொன்றையும் எண்ணிப் பாருங்கள். கழுகு மண்டலப் புதுமீன் நம்மிலிருந்து ஏறத்தாழ ஆயிரம் ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. சந்திரரின் கண்ணை எட்டிய ஒளி அங்கிருந்து புறப்பட்ட காலம், தஞ்சையில் சோழராட்சி வேரூன்றிய காலமாகும்.

நிற்க. சந்திரரின் கதைக்கு மீள்வோம். தாம் கண்டதை அவர் ஹார்வர்டு வானாய்வகத்துக்கு எழுதி அனுப்பினார். அங்கிருந்து ஊக்கமும் நூல்களும் வந்தன. 1911-இல் தொடங்கப்பெற்ற அமெரிக்க மாறொளி விண்மீன் நோக்கர் சங்கத்தில் அவர் உறுப்பினரானார். அதுவும் ஒரு சங்கமே, அன்பர்களே! அலுவல் முடிந்த பின்னர் ஓய்வு வேளையில் உழைக்கும் எளியோர் கூடி நடத்தும் சங்கம். அச்சங்கத்துக்கு அவர் மூன்று பத்தாண்டுகளுக்கும் மேலாக அனுப்பிய நோக்கல்கள் 37,000-க்கும் மேற்பட்டவை. அவர் உழைப்பைக் கண்டு அச்சங்கம் ஆறங்குலத் தொலைநோக்கி ஒன்றைக் கடல் கடந்து அவருக்கு அனுப்பி வைத்தது. 1928-இல் பிரெஞ்சு அரசு அவருக்கு விருதளித்தது. நாட்டுப் பிரிவினைக்குப் பின் அவர் பிறந்த ஊரை விட்டு மேற்கு வங்கம் வந்து குடியேறினார், 1975-இல் மறைந்தார். ஊர் விட்டு ஊர் வந்து வாழ்வது எத்தகையது என்பதை நமக்கு எவரும் சொல்ல வேண்டுவதில்லை.

அவர் கண் தளர்ந்தபோது அத்தொலைநோக்கி இந்திய வானியலறிஞர் வைணு பாப்பு அவர்களிடம் சேர்ந்தது. அவர் கொடைக்கானல் வானாய்வகத்தின் தலைவராயிருந்து, ஜவ்வாது மலைக் காவலூரில் புதிய வானாய்வகத்தை நிறுவியவர். அவர் வழியே அக்கருவியும் காவலூரை அடைந்தது. வங்கத்து எளிய பணியாளர் ஒருவரின் இரவுகளுக்குத் துணையாயிருந்த கருவி தமிழ் நாட்டு மலை ஏறியது. முன்னர் யான் குறித்த உறவு இதுவே.

இறுதியாக, என் சொந்தச் செய்தி ஒன்று. இதனைச் சொல்வதா விடுவதா என்று பல நாள் தயங்கினேன். சில ஆண்டுகளுக்கு முன் என் மகன் தேர்வில் தோற்றான். காலனியில் எதிர்ப்பட்டோர் நலம் உசாவியபோதெல்லாம் தலை கவிழ்ந்தேன். ஒரு திங்கள் அவனோடு முகங்கொடுத்துப் பேசினேன் அல்லேன். அந்நாட்களில்தான் சந்திரரின் வரலாறு என் கைக்குக் கிட்டியது. மும்முறை தோற்றவர் என்னும் வரியைப் படித்துவிட்டு நூலை மூடி வைத்தேன். அன்றிரவு மாடிக்குச் செல்லும்போது மகனையும் அழைத்தேன். திருவோணத்தைக் காட்டினேன். இருவரும் நெடுநேரம் நின்றோம். தேர்வைப் பற்றி யான் ஒன்றும் சொல்லவில்லை, அவனும் கேட்கவில்லை. மறுநாள் காலை உணவின்போது அவனே பேச்சைத் தொடங்கினான்.

தேர்வு வேண்டா என்று யான் கூறவில்லை. தோற்றவரெல்லாம் புகழ் பெறுவர் என்றும் கூறவில்லை. சந்திரர் புகழுக்காக விழித்தவரும் அல்லர். யான் கூற விழைவது இத்துணையே: ஒரு பிள்ளையின் உள்ளே எது படிந்து வருகிறது என்பதைத் தேர்வுத்தாள் முழுவதும் காட்டுவதில்லை. அது பொங்கும் நாள்வரை பொறுத்திருத்தல் பெற்றோர் கடன்.

இளஞ் சிறார்களே! உங்களுக்கும் ஒரு சொல். வானத்திற் புதியதைக் கண்டவர், பழையவற்றை முற்றும் அறிந்திருந்தவரே. எந்த மீன் எங்கே நிற்கும் என்று நாள்தோறும் பார்த்துப் பழகியிராவிடில், புதுமீன் கண்முன்னே நின்றும் அவருக்குத் தெரிந்திராது. மொழியும் அவ்வாறே. நம் தாய்மொழியின் பழஞ்செல்வத்தை இங்கிருந்தே கற்றுக்கொள்ளுங்கள். நாம் வாழும் மண்ணின் மொழியையும் கற்றுக்கொள்ளுங்கள். அப்போதுதான் புதியது எது என்பது உங்கள் கண்ணுக்குத் தெரியும். இன்றிரவு விழா முடிந்து வீடு திரும்பும்போது, விளக்கொளி குறைந்த ஓரிடத்தில் சற்றே நின்று அண்ணாந்து பாருங்கள்.